ஆறு நாளில் முதுபெரும் தந்தை: ஃபோட்டியஸ் புனிதர்தானா?

வாசகர் கேள்வி, 2025 பிப்ரவரி 6

இன்று கிழக்கு ஆர்த்தடாக்ஸ் சபைகளில் புனித ஃபோட்டியஸ் விழா. ஒன்பதாம் நூற்றாண்டில் கான்ஸ்டான்டிநோபிளின் முதுபெரும் தந்தையாக, அதாவது அங்கே தலைமை ஆயராக, இருந்தவர். அவருடைய கதையைப் படித்தால் எனக்குப் புனிதம் எதுவும் தெரியவில்லை. அரண்மனை அதிகாரி, குருப்பட்டம் கூட இல்லாதவர். உயிரோடு இருந்த முதுபெரும் தந்தையைத் தள்ளிவிட்டு அந்த இடத்தில் உட்கார்ந்தார். பாப்பரசரையே சபைநீக்கம் செய்தார். இந்த அரசியல்வாதிக்கு ஒளிவட்டம் எதற்கு?

பிப்ரவரி 6, இரவு

நீங்கள் சொன்ன நிகழ்ச்சிகள் நடந்தவைதான். 858 டிசம்பரில் ஆறு நாளுக்குள் துறவி, வாசகர், துணைத் திருத்தொண்டர், திருத்தொண்டர், குரு என்று படிப்படியாக ஏற்றி, கிறிஸ்துமஸ் அன்று கான்ஸ்டான்டிநோபிளின் முதுபெரும் தந்தை ஆக்கினார்கள். அதற்கு முந்தைய வாரம் வரை அவர் பேரரசின் தலைமைச் செயலர். பட்டம் கொடுத்த ஆயர் கிரகோரி அஸ்பெஸ்டாஸ், முந்தைய முதுபெரும் தந்தையான இக்னேஷியஸோடு சண்டை போட்டுத் தண்டனை வாங்கியிருந்தவர். அதாவது, இதைவிட மோசமாக ஆரம்பிக்க முடியாது.

ஆனால் இது புதுசு இல்லை. 784இல் டராசியஸ், 806இல் நிகெஃபோரஸ், இருவருமே அரசுச் செயலகத்திலிருந்து நேராக வந்து அதே நாற்காலியில் உட்கார்ந்தவர்கள். இருவரும் புனிதர்கள். டராசியஸ் ஃபோட்டியஸுக்கு உறவுக்காரரும் கூட. மிலானின் அம்புரோஸ் ஆயராகத் தேர்ந்தெடுக்கப்பட்டபோது ஞானஸ்நானமே பெற்றிருக்கவில்லை. அவரைப் பற்றி ரோமில் யாரும் முகம் சுளிப்பதில்லை. ஃபோட்டியஸும் பாப்பரசர் முதலாம் நிக்கோலஸுக்கு எழுதிய பதிலில் இந்தப் பெயர்களைத்தான் வரிசையாக அடுக்கினார்.

அப்புறம் இக்னேஷியஸ். அவரை 847இல் நியமித்தது யார்? பேரரசி தியோடோரா. ஆயர் மன்றம் கூடித் தேர்ந்தெடுக்கவில்லை. 861இல் கூடிய ஆயர்களின் சங்கம் அவர் பதவி செல்லாது என்று சொன்னதற்கு எடுத்துக்கொண்ட காரணமே அதுதான். பாப்பரசரின் தூதர்கள் இருவர் அங்கே உட்கார்ந்து அதற்குத் தலையாட்டினார்கள். நிக்கோலஸ் பிறகு தன் தூதர்களையே கைகழுவிவிட்டார்.

அதே சங்கம் இன்னொன்றும் செய்தது. இனிமேல் பொதுநிலையினரையோ வெறும் துறவியையோ திடீரென்று ஆயர் ஆக்கக் கூடாது என்று ஒரு சட்டம் போட்டது. ஃபோட்டியஸ் தலைமையில்! தான் ஏறிவந்த ஏணியைத் தானே எடுத்து உள்ளே வைத்துவிட்டார்.

பிப்ரவரி 7

ஒன்றை முதலிலேயே சொல்லியிருக்கலாம். ஃபோட்டியஸ் பற்றி நாம் படிக்கும் சுவையான கதைகளில் பெரும்பகுதி எதிரிகள் எழுதியது. முக்கியமானவர் நிகேட்டாஸ் டேவிட். இவர் எழுதியது இக்னேஷியஸின் வரலாறு. அதில் வில்லன் ஃபோட்டியஸ். இன்னொரு வரலாற்றுத் தொகுப்பில், யூத மந்திரவாதி ஒருவனிடம் கிறிஸ்துவை மறுதலித்து, அதற்குக் கூலியாக அறிவைப் பெற்றார் என்றுகூட இருக்கிறது. அதிகம் படித்தவன்மேல் அந்தக் காலத்தில் சுமத்தக்கூடிய வழக்கமான அவதூறு இது, யூதர்கள்மேல் இருந்த வெறுப்பும் சேர்த்து.

அவர் நல்லவர் என்று இதனால் ஆகிவிடாது. ஒவ்வொரு குற்றச்சாட்டையும் தனித்தனியாகப் பார்க்க வேண்டும், அவ்வளவுதான்.

பிப்ரவரி 9

"பாப்பரசரையே சபைநீக்கம்" என்றீர்களே, அதற்கு வருகிறேன்.

நான் கத்தோலிக்க வீட்டில் வளர்ந்தவன். மறைக்கல்வி வகுப்பில் ஃபோட்டியஸுக்கு ஒரே வரிதான்: கிழக்கும் மேற்கும் பிரியக் காரணமானவர். ஏன் பிரிந்தார்கள் என்று கேட்டேன். தூய ஆவியார் தந்தையிடமிருந்து மட்டும் வருகிறாரா, மகனிடமிருந்தும் வருகிறாரா என்ற சண்டை என்றார் ஆசிரியர். இந்த ஒரு சொல்லுக்கா இவ்வளவு என்று விட்டுவிட்டேன். இன்றைக்கும் ஞாயிறு பூசையில் தமிழில் நம்பிக்கை அறிக்கை சொல்லும்போது "தந்தையிடமிருந்தும் மகனிடமிருந்தும்" என்றுதான் சொல்கிறோம். ஃபோட்டியஸ் 867இல் கிழக்கத்திய முதுபெரும் தந்தையருக்குச் சுற்றுமடல் அனுப்பிக் கண்டித்தது அந்த "மகனிடமிருந்தும்" என்பதைத்தான்.

வேடிக்கை என்னவென்றால், அப்போது ரோமிலேயே அதைச் சொல்லவில்லை. பிராங்கிய நாட்டில் (இன்றைய பிரான்ஸ், ஜெர்மனிப் பக்கம்) சொன்னார்கள். பாப்பரசர் மூன்றாம் லியோ அந்தச் சேர்க்கை இல்லாத அறிக்கையை வெள்ளித் தகட்டில் பொறித்து மாட்டியிருந்தார். ரோமின் பூசையில் அது நுழைந்தது 1014இல். அப்படியானால் 867இல் ஏன் வெடித்தது? பல்கேரியாவில் லத்தீன் குருக்கள் அதைச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார்கள்.

பல்கேரியா. இந்தக் கதையின் சாவி அங்கேதான் இருக்கிறது. 860களில் பல்கேரிய அரசன் போரிஸ் கான்ஸ்டான்டிநோபிளிடம் ஞானஸ்நானம் பெற்றார். பேரரசர் மூன்றாம் மைக்கேல் ஞானத்தந்தை. அதனால் போரிஸுக்கும் மைக்கேல் என்று பெயர். தனக்கென ஒரு பேராயர் வேண்டும் என்று போரிஸ் எதிர்பார்த்தார். கிடைக்கவில்லை. உடனே ரோமுக்குத் தூது அனுப்பினார். நிக்கோலஸுக்குப் பழம் நழுவிப் பாலில் விழுந்த மாதிரி. ஒரு நூற்றாண்டுக்கு முன்னால் பேரரசர்கள் ரோமிடமிருந்து பிடுங்கிய இல்லிரிக்கம் (பல்கேரியா இருக்கும் பால்கன் பக்கம்), தெற்கு இத்தாலியின் சிசிலி, கலாப்ரியா மறைமாவட்டங்களைத் திருப்பிக் கொடு என்று அவர் ஏற்கெனவே கேட்டுக்கொண்டிருந்தார். ஃபோட்டியஸின் பட்டம் செல்லுமா என்ற கேள்வி வந்த கடிதங்களிலேயே இந்த நிலக் கணக்கும் இருந்தது.

பிப்ரவரி 9, தூங்குவதற்கு முன்

போரிஸுக்கு ஃபோட்டியஸ் எழுதிய கடிதத்தைச் சொல்ல மறந்துவிட்டேன். ஏழு பொதுச்சங்கங்களும் என்னென்ன முடிவு செய்தன என்று நீளமாக ஒரு பாடம். பிறகு அரசன் எப்படி நடக்க வேண்டும், எப்படிப் பேச வேண்டும், அளவுக்கு மீறிச் சிரிக்கக் கூடாது என்று கிரேக்க அறவுரை. குதிரைமேல் வாழ்ந்த ஒரு மனிதருக்கு!

போரிஸ் ரோமிடம் என்ன கேட்டார் என்று பாருங்கள். புதன், வெள்ளியில் குளிக்கலாமா? கால்சட்டை போடலாமா? நிக்கோலஸ் 866இல் 106 பதில்கள் அனுப்பினார், கால்சட்டைக்கும் சேர்த்து. போடு, போடாதே, அதெல்லாம் பாவம் இல்லை என்ற தொனியில். இந்தச் சுற்றில் நான் நிக்கோலஸ் கட்சி. ஃபோட்டியஸ் எல்லாம் தெரிந்தவர். எதிரே இருப்பவருக்கு என்ன தேவை என்பது மட்டும் தெரியவில்லை.

பிப்ரவரி 13

கேள்வி கேட்டவர் திரும்ப வந்திருக்கிறார்: "பல்கேரியா என்பது ஃபோட்டியஸின் பேராசைதானே? இக்னேஷியஸ் இருந்திருந்தால் ரோமோடு சமாதானமாகப் போயிருப்பார்."

இதற்காகத்தான் காத்திருந்தேன்.

867 செப்டம்பரில் பேசில், தன்னை வளர்த்துவிட்ட மூன்றாம் மைக்கேலைக் கொலை செய்து பேரரசர் ஆனார். உடனே ஃபோட்டியஸ் போனார், இக்னேஷியஸ் வந்தார். நவம்பர் 13இல் நிக்கோலஸ் இறந்தார். கான்ஸ்டான்டிநோபிளில் தன்னைச் சபைநீக்கம் செய்த செய்தி அவர் காதுக்கு எட்டும் முன்னாலேயே. 869-870 சங்கத்தில், ரோமின் தூதர்கள் முன்னிலையில், ஃபோட்டியஸ் கண்டிக்கப்பட்டார். ரோம் கேட்டது அத்தனையும் கிடைத்தது.

சங்கம் முடிந்த கையோடு பல்கேரியத் தூதர்கள் வந்து, நாங்கள் யாருக்குக் கீழ் என்று கேட்டார்கள். கான்ஸ்டான்டிநோபிளுக்கு என்று தீர்ப்பு. ரோமின் தூதர்கள் கத்தினார்கள். இக்னேஷியஸ் அசையவில்லை, பல்கேரியாவுக்குத் தன் கையாலேயே பேராயரை நியமித்தார். ரோமின் தயவில் நாற்காலிக்குத் திரும்பிய மனிதர்!

பாப்பரசர் எட்டாம் ஜான் எச்சரிக்கை மேல் எச்சரிக்கை அனுப்பினார். கடைசி எச்சரிக்கையில், பல்கேரியாவைவிட்டு விலகாவிட்டால் சபைநீக்கம், பதவியும் போகும் என்று இருந்தது. அதைத் தூக்கிக்கொண்டு தூதர்கள் 878இல் வந்து சேர்ந்தபோது இக்னேஷியஸ் முந்தைய ஆண்டு அக்டோபர் 23ஆம் தேதியே இறந்துவிட்டிருந்தார். நாற்காலியில் மறுபடி ஃபோட்டியஸ். தூதர்களுடைய முகம் எப்படி இருந்திருக்கும்?

ரோமை எதிர்த்தது ஒருவருடைய ஆணவத்தால் அல்ல என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும். அந்த நாற்காலியில் யார் உட்கார்ந்திருந்தாலும் பல்கேரியாவை விட்டிருக்க மாட்டார்கள்.

பிப்ரவரி 14

இக்னேஷியஸும் புனிதர்தான். விழா அக்டோபர் 23, அவர் இறந்த நாள். ரோமும் அவரைப் புனிதராக ஏற்கிறது. அவரைச் சின்னவராகக் காட்டுவது என் நோக்கம் அல்ல. பேரரசர் முதலாம் மைக்கேலின் மகன். 813இல் அப்பா பதவி இழந்தபோது, மறுபடி அரியணைக்கு உரிமை கேட்கக் கூடாது என்று சிறுவனாக இருந்த அவரை விதைநீக்கம் செய்து மடத்தில் தள்ளினார்கள். பின்னாளில் இக்னேஷியஸின் பதவி போனதற்குக் காரணமும் கௌரவமானதே. மருமகளோடு வாழ்கிறான் என்று பேச்சு அடிபட்ட பர்தாஸுக்கு, பேரரசர் மூன்றாம் மைக்கேலின் சொந்தத் தாய்மாமனுக்கு, 858 திருக்காட்சி விழாவில் நற்கருணை மறுத்தார். அந்தத் துணிச்சல் ஃபோட்டியஸுக்கு இருந்திருக்குமா? சந்தேகம். மைக்கேல் தன் கோமாளியை முதுபெரும் தந்தை மாதிரி வேடம் போடவைத்துப் பூசையைக் கேலி செய்தபோது ஃபோட்டியஸ் வாயைத் திறக்கவில்லை என்பது அவர்மேல் உள்ள குற்றச்சாட்டு. மைக்கேலே சொன்னதாக ஒரு கிண்டலும் உண்டு: எனக்கு முதுபெரும் தந்தை என் கோமாளி, பர்தாஸுக்கு ஃபோட்டியஸ், கிறிஸ்தவர்களுக்கு இக்னேஷியஸ் என்று.

பிப்ரவரி 20

சரி, எனக்கு ஃபோட்டியஸைப் பிடிக்கக் காரணம் பல்கேரியா அல்ல. புத்தகம்.

அவருடைய சகோதரர் டராசியஸ் (முன்பு சொன்ன முதுபெரும் தந்தை அல்ல, வேறு ஆள்), வாசிப்புக் கூட்டத்தில் தான் இல்லாதபோது என்னென்ன படித்தீர்கள் என்று கேட்டாராம். அரபு நாட்டுக்குத் தூது கிளம்பும் முன் ஃபோட்டியஸ் எழுதிக் கொடுத்த பதில்தான் 'நூலகம்' என்று நாம் அழைக்கும் தொகுப்பு. 280 பகுதிகள். சில இரண்டு வரி, சில பல பக்கம். என்ன சொல்கிறது, நடை எப்படி, படிக்கலாமா என்று ஒவ்வொரு நூலுக்கும் குறிப்பு. கவிதை அநேகமாகக் கிடையாது, ஹோமரைத் தேடினால் ஏமாற்றம்தான். திருச்சபை நூல்களுக்குப் பக்கத்திலேயே காதல் கதைகளையும் வைத்து மதிப்பிடுகிறார். ஒழுக்கம் சரியில்லை, நடை அழகாக இருக்கிறது என்று இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லக்கூடியவர்.

அவர் படித்தவற்றில் கணிசமானவை இன்று உலகத்தில் இல்லை. அவர் எழுதிய சுருக்கம் மட்டும் இருக்கிறது. பாரசீக மன்னனின் வைத்தியராக இருந்த க்டீசியாஸ் கி.மு. 400ஐ ஒட்டி இந்தியாவைப் பற்றி எழுதிய நூல் பெரும்பாலும் இவர் புண்ணியத்தில்தான் நமக்குக் கிடைக்கிறது, 72ஆவது பகுதியில். க்டீசியாஸ் இந்தியாவுக்கு வந்ததே இல்லை. நாய்த்தலை மனிதர்கள், மனித முகமும் தேள் வாலும் கொண்ட சிவப்பு மிருகம், ஒற்றைக் கொம்புக் கழுதை எல்லாம் வரும். இந்திய மொழி பேசும் கிளியும் வரும். கிரேக்கம் சொல்லிக்கொடுத்தால் அதையும் பேசுமாம். இவ்வளவும் சொல்லிவிட்டு, இதைவிட ஆச்சரியமானவை உண்டு, நீங்கள் நம்ப மாட்டீர்கள் என்று விட்டுவிட்டேன் என்று க்டீசியாஸ் முடிப்பதையும் ஃபோட்டியஸ் விடாமல் எழுதிவைத்திருக்கிறார். அந்த இடத்தில் அவர் சிரித்திருப்பார் என்று நினைக்கிறேன்.

இந்த மனிதரை 867இல் பாஸ்பரஸ் கரையில் ஒரு மடத்தில் அடைத்தபோது புத்தகங்களையும் பறித்துவிட்டார்கள். பேசிலுக்கு எழுதிய கடிதத்தில் பதவியைக் கேட்கவில்லை. நோய், தனிமை எல்லாம் சொல்கிறார். ஆனால் கோபம் ஏறும் இடம் புத்தகம். இப்படி ஒரு தண்டனையை இதுவரை யாரும் யாருக்கும் கொடுத்ததில்லை, எனக்காகவே புதிதாகக் கண்டுபிடித்திருக்கிறீர்கள் என்கிறார்.

வீடு மாறியபோது என் புத்தகப் பெட்டிகள் சில வாரம் எங்கோ ஒரு கிடங்கில் கிடந்தன. அப்போதுதான் இந்தக் கடிதத்தை முதலில் படித்தேன். சிறைக்கும் கிடங்குக்கும் ஒப்பீடே இல்லை. ஆனாலும் அந்தக் கோபம் உடனே புரிந்தது.

மார்ச் 2

இன்னொரு வாசகர்: "869 சங்கத்தில் அவர் பேசாமல் நின்றது திமிர் இல்லையா?"

நான் இதைத் திமிர் என்றுதான் வெகுநாள் வைத்திருந்தேன். கேள்வி கேட்கக் கேட்க வாய் மூடி நின்றார். நான் பேசாவிட்டாலும் கடவுளுக்குக் கேட்கும் என்றார். மௌனம் உன்னைத் தண்டனையிலிருந்து காப்பாற்றாது என்றார்கள். இயேசுவையும் மௌனம் காப்பாற்றவில்லை என்றார். தன்னை யாரோடு வைத்துப் பேசுகிறார் பாருங்கள் என்று எனக்கும் எரிச்சல்.

இப்போது கொஞ்சம் வேறு மாதிரி தோன்றுகிறது. தீர்ப்பு ரோமில் முன்பே எழுதியாகிவிட்டது. அங்கிருந்து வந்த அந்தக் கண்டனத்தில் கையெழுத்துப் போடாத ஆயருக்கு உள்ளே இடம் இல்லை. தொடக்க அமர்வில் ஒரு டஜன் ஆயர்கள்தான் இருந்தார்கள், கடைசியில்கூட நூறைத்தான் சற்றுத் தாண்டியது. அங்கே வாதாடினால் அந்த மன்றத்துக்கு உரிமை உண்டு என்று ஒப்புக்கொண்டதாகிவிடும். சட்டம் தெரிந்தவர் அதைச் செய்யமாட்டார். திமிரும் இருந்திருக்கலாம், இரண்டும் ஒரே ஆளுக்குள் இருக்கக் கூடாதா என்ன.

மார்ச் 3

நேற்றையதற்கு ஒரு பின்குறிப்பு. 879-880இல் கூடிய சங்கத்தில் 383 ஆயர்கள். எட்டாம் ஜானின் தூதர்களும் இருந்தார்கள். 869இன் தீர்ப்பு ரத்து. அதற்குப் பிறகும் ஃபோட்டியஸை ரோம் இரண்டாம் முறை சபைநீக்கம் செய்தது என்றே மேற்கத்திய நூல்கள் நூற்றாண்டுகளாக எழுதிவந்தன. அப்படி ஒரு இரண்டாம் பிளவு நடக்கவே இல்லை என்று 1948இல் விரிவாக நிறுவியவர் ஃபிரான்சிஸ் ட்வோர்னிக், ஒரு கத்தோலிக்கக் குரு. என் மறைக்கல்விப் பாடத்தை எழுதியவருக்குச் செய்தி போகவில்லை.

மார்ச் 11

புனிதம் எங்கே என்பதுதானே கேள்வி. எனக்குத் தென்பட்ட ஒரே இடத்தைச் சொல்கிறேன். 873 வாக்கில் பேசில் அவரை அரண்மனைக்குத் திரும்ப அழைத்துப் பிள்ளைகளுக்கு ஆசிரியராக வைத்தார். அப்போது இக்னேஷியஸ்தான் முதுபெரும் தந்தை. வயதானவர், நோயாளி. ஃபோட்டியஸ் அவரிடம் போய்ச் சமாதானம் செய்துகொண்டதாகவும், இருவரும் ஒருவர் காலில் ஒருவர் விழுந்ததாகவும், பிறகு நோயில் அடிக்கடி போய்ப் பார்த்ததாகவும் பின்னாளில் அவரே சங்கத்தில் சொன்னார். தன் வாயால் சொன்னதுதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இக்னேஷியஸின் ஆட்களும் உட்கார்ந்திருந்த சபையில் சொன்னது.

மார்ச் 11, அரைமணி கழித்து

அவரை ரொம்ப உயர்த்திவிட்டேனோ. பேசில் திரும்ப அழைத்தது எப்படி என்பதற்கு நிகேட்டாஸ் ஒரு கதை வைத்திருக்கிறார். பேசில் படிப்பறியாத குடியானவர் வீட்டுப் பிள்ளை. அவர் ஆர்மீனிய மன்னர் டிரிடேட்ஸின் பரம்பரை என்று ஃபோட்டியஸ் ஒரு வம்சாவளியை இட்டுக்கட்டி, பழைய எழுத்தில், பழைய தோலில் எழுதி, பழைய அட்டை போட்டு, அரண்மனை நூலகத்துக்குள் நுழைத்தாராம். அதை யாராலும் படிக்க முடியவில்லை. ஃபோட்டியஸால்தான் முடியும் என்று சொல்லி அவரை வரவழைத்தார்களாம். அதில் வரும் 'பெக்லாஸ்' என்ற பெயர் பேசில், மனைவி யூடோக்கியா, பிள்ளைகள் கான்ஸ்டன்டைன், லியோ, அலெக்சாண்டர், ஸ்டீபன் ஆகியோரின் முதலெழுத்துகள்.

எதிரி சொன்ன கதைதான். ஆனால் இதைப் பொய் என்று தள்ள மனம் வரவில்லை, இவ்வளவு நேர்த்தியான மோசடிக்கு அந்த ஊரில் வேறு ஆள் யார்? இக்னேஷியஸின் காலத்தில் மனிதனுக்கு இரண்டு ஆன்மா என்று ஒரு போலிக் கொள்கையைக் கிளப்பிவிட்டு, தத்துவம் படிக்காத இவர் இதை எப்படிச் சமாளிக்கிறார் பார்ப்போம் என்று வேடிக்கை பார்த்தவர் என்றும் அவர்மேல் புகார் உண்டு.

மார்ச் 29

இன்றைய தேதிக்காக ஒரு குறிப்பு. 867 மார்ச் 29 அன்று ஹாகியா சோஃபியாவில் புதிய மரியா உருவத்தைத் திறந்துவைத்து ஃபோட்டியஸ் மறையுரை ஆற்றினார். புனித உருவங்களை வணங்கக் கூடாது என்ற உருவ எதிர்ப்பாளர்களால் பெற்றோர் நாடு கடத்தப்பட்ட குடும்பத்துப் பிள்ளை அவர். பீடத்துக்கு மேலே, அரைக்குவிமாடத்தில், அந்த மொசைக் இன்றும் இருக்கிறது. இஸ்தான்புல் போனபோது பார்த்தேன். அந்தத் தேவாலயம் இப்போது பள்ளிவாசல், தொழுகை நடக்கும் இடம் என்பதால் கீழ்த்தளத்தில் சுற்றுலாப் பயணிகளுக்கு அனுமதி இருக்கவில்லை. அப்போது 25 யூரோ கொடுத்து மேல்மாடம் மட்டும் பார்க்க முடிந்தது.

மறையுரையில் அன்னை கனிவோடு குழந்தைமேல் பார்வையைத் திருப்புகிறாள் என்கிறார். மேலே இருக்கும் அன்னை குழந்தையைப் பார்க்கவில்லை, நேராகத்தான் பார்க்கிறாள். இந்த முரண்பாட்டை வைத்து அறிஞர்கள் நிறைய எழுதியிருக்கிறார்கள். எனக்குத் தோன்றுவது எளிது: மனிதர் பேச்சை முன்னாடியே எழுதிவைத்திருப்பார்.

வடக்குச் சுவரின் மேலே, மாடக்குழியில், இக்னேஷியஸ் மொசைக்காக நிற்கிறார். மிஞ்சியிருப்பவற்றில் ஃபோட்டியஸ் இல்லை.

ஏப்ரல் 4

ரஷ்யர் தாக்குதல் பற்றிக் கேட்டிருந்தீர்கள். 860 ஜூன் 18. பேரரசர் அரபுப் படைகளை எதிர்க்கப் போயிருந்த நேரம், ரூஸ் கப்பல்கள் நகரத்தின் வாசலில். மரியாவின் ஆடையை ஃபோட்டியஸ் மதில் சுற்றித் தூக்கிச் சென்றார். ஆடையைக் கடலில் நனைத்ததும் புயல் எழுந்து கப்பல்கள் சிதறின என்பது பிற்கால வரலாற்று நூல்களின் கதை. அங்கேயே இருந்த ஃபோட்டியஸின் இரண்டு மறையுரைகளில் புயல் இல்லை. ஆடையைச் சுற்றிவந்தோம், அவர்கள் போய்விட்டார்கள், அவ்வளவே. அதிலும் பாதி உரை, இந்த ஆபத்து நம் பாவத்தால் வந்தது, அழுகையை இப்போது ஆரம்பித்து என்ன பயன் என்று கூட்டத்தைத் திட்டுவது. அற்புதம் செய்பவர் என்ற பெயரைத் தேடியிருந்தால் புயலை அவரே எழுதியிருப்பார்.

ஏப்ரல் 5

முடிவையும் சொல்லிவிடுகிறேன், ஒருவர் கேட்டார். 886இல் பேசில் இறந்தார். அரியணை ஏறிய லியோ ஃபோட்டியஸிடம் படித்த மாணவன். ஆசிரியரை நீக்கிவிட்டு, இருபது வயதுகூட ஆகாத தன் தம்பி ஸ்டீபனை முதுபெரும் தந்தை ஆக்கினான். சதி செய்தார் என்று வழக்குப் போட்டார்கள், நிரூபிக்க முடியவில்லை. ஒரு மடத்துக்கு அனுப்பினார்கள். 893 வாக்கில் அங்கேயே இறந்தார். இம்முறை புத்தகங்களை விட்டுவைத்தார்களா என்று எந்தக் கடிதமும் சொல்லவில்லை.

ஏப்ரல் 19

யாழ்ப்பாணத்திலிருந்து ஒருவர்: "க்டீசியாஸ் சரி, நம் பக்கத்தைப் பற்றி அவர் எதையாவது படித்தாரா?"

படித்தார். 36ஆவது பகுதியைப் பாருங்கள். ஆறாம் நூற்றாண்டு அலெக்சாண்டிரியா வணிகர், பின்னாளில் காஸ்மாஸ் என்று பெயர் பெற்றவர், எழுதிய நூல். மலபார் மிளகுத் துறைமுகங்கள், இலங்கை, அங்கே பாரசீகக் கிறிஸ்தவர்களின் தேவாலயம் எல்லாம் இருக்கும் நூல் அது. ஆனால் பூமி தட்டை, வானம் அதன்மேல் கூடாரம் என்று காஸ்மாஸ் சாதிக்கிறார். ஃபோட்டியஸுக்குக் கோபம் அங்கேயே பற்றிக்கொண்டது. நடை மட்டம், கட்டுக்கதை, நம்பத் தகாதவர் என்று போட்டுத் தள்ளிவிட்டார். நாய்த்தலை மனிதர்களுக்கு அத்தனை இடம் கொடுத்தவர், உண்மையான மிளகுக்கும் இலங்கைக்கும் ஒரு வரி ஒதுக்கவில்லை. இதற்காக அவர்மேல் எனக்குத் தனி வருத்தம் உண்டு. இக்னேஷியஸ் விவகாரத்தைவிடப் பெரியது.